ஒரு முழங்காலின் கதை

கிறிஸ்துமஸ் பண்டிகைக்கு மறுநாள் இங்கிலாந்தில் கச்சேரி இல்லை. தொழிற்சாலைச் சங்கும் ஊதுவதில்லை. முதல் நாள் விருந்துண்ட மயக்கம் தீராத ஆண்பிள்ளைகள் கழுத்தில் கம்பளிக் குட்டையைச் சுற்றிக்கொண்டு, பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு, கால்பந்து மைதானத்தை நோக்கிப் புறப்படுவார்கள். பண்டிகையின் ஓர் அங்கமாகவே இது அந்நாட்டில் நெடுங்காலமாக நடந்து வருகிறது. 1962-ம் வருஷம் டிசம்பர் மாதம் 26-ந் தேதியன்று, வடகிழக்குக் கடற்கரையிலுள்ள ஸண்டர்லண்ட் நகரத்தின் ரோக்கர் பார்க் மைதானத்திலும் அவ்வாறே சுமார் 40,000 ஜனங்கள் கூடினார்கள்.

அவ்வருஷத்துக் குளிர் சாமானியக் குளிர் அல்ல. அந்தப் பண்டிகைக் காலத்தில் பெய்யத் தொடங்கிய பனி மார்ச்சு மாதம் வரையில் அத்தேசத்தை விட்டு அகலவில்லை. ஆறுகள் உறைந்தன. கால்பந்துக் கிண்ணப் போட்டியின் ஒரு சுற்றை ஆடி முடிப்பதற்கு 66 நாட்கள் பிடித்தன. ஆட்டங்களின் முடிவுகளின் மேல் பந்தயம் கட்டும் வியாபாரம் படுத்துவிடும் போலிருக்கவே, நிபுணர்கள் சிலரை ஓர் அறையில் உட்கார வைத்து, நடக்காத ஆட்டங்களில் யார் ஜயித்திருப்பார்கள் என்று தீர்ப்புச் சொல்லும்படி ஏற்பாடு செய்தார்கள். ஆடாத ஆட்டத்துக்கு முடிவு சொல்லும் பண்டிதர்கள் நம் நாட்டில் மட்டுந்தான் உண்டு என்று எண்ணியிருந்தோம். அந்தப் பெருமை நமக்கு மட்டும் உரியதன்று.

டிசம்பர் 26-ந் தேதியன்றே பல ஊர்களில் மைதானம் ஆடத்தக்கதல்ல என்று ஆட்டத்தை நிறுத்திவிட்டார்கள். ரோக்கர் பார்க்கில் நிறுத்தவில்லை. தரை உறைந்து கல்லாய் இறுகியிருந்தது. இருந்தாலும் ஆடலாம் என்று முடிவாயிற்று. அந்த முடிவினால் பிரையன் கிளஃப் என்னும் வாலிபரின் தொழில் பாழாயிற்று. அப்போது அவருக்கு வயது இருபத்தேழு.

யாரோ ஒரு வெள்ளைக்காரருடைய முழங்காலைப் பற்றி நமக்கு என்ன கவலை என்று நேயர்களில் சிலர் கேட்கலாம். கேள்வி நியாயமானதே. நாம் அறிந்த ஆங்கிலேயர்கள் எல்லோரும் கலெக்டர்கள், ஜட்ஜுகள், தளகர்த்தர்கள், தேயிலைத் தோட்டத்துத் துரைகள். அந்தத் துரைகளின் ஊரிலேயே புகையும் கரியும் படிந்த தெருக்களில், வரிசை வரிசையாய் ஒரே அச்சில் வார்த்த செங்கல் வீடுகளில் வாழ்ந்த ஜனங்களை நாம் கண்டதில்லை. கிளஃப் அந்த ஜனங்களில் ஒருவர். அவருடைய கதை, உடம்பையே முதலாக வைத்துத் தொழில் செய்யும் எந்த நாட்டு மனிதனுக்கும் நேரக் கூடிய கதைதான்.

ஸண்டர்லண்டுக்குத் தெற்கே, டீஸ் நதியின் கரையில் மிடில்ஸ்பரோ என்று ஓர் ஊர் இருக்கிறது. ஆஸ்திரேலியாவில் ஸிட்னி துறைமுகத்தின் மேல் கட்டிய புகழ் பெற்ற பாலம் இவ்வூர்க் கம்பெனி ஒன்றின் கைவேலை. உருக்கும் இரசாயனச் சரக்குகளும் செய்து பிழைத்த ஊர். அங்கே 1935-ம் வருஷம் மார்ச்சு மாதம் 21-ந் தேதி கிளஃப் பிறந்தார். தகப்பனார் மிட்டாய்த் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். வீடு நிறையக் குழந்தைகள். பதினோராம் வயதில் அந்நாட்டுப் பிள்ளைகளின் தலைவிதியை நிர்ணயித்து வந்த பரீட்சையில் பிரையன் தேறவில்லை. பதினைந்து வயதில் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு, இம்பீரியல் இரசாயனக் கம்பெனியில் சிறு வேலைக்குச் சேர்ந்தான். பிறகு கட்டாய ராணுவ சேவையில் விமானப் படையில் இரண்டு வருஷம் கழிந்தது. படிப்பும் இல்லை, கைத்தொழிலும் இல்லை. பந்தை வலைக்குள் உதைப்பது ஒன்றுதான் தெரியும்.

ஆனால் அந்த ஒன்று எப்பேர்ப்பட்டது! 1955-ம் வருஷம் செப்டம்பர் மாதத்தில் சொந்த ஊர்ச் சங்கத்துக்காக முதன் முதலில் ஆடினார். முதல் வருஷம் மூன்றே கோல். அடுத்த ஐந்து வருஷங்களில் லீக் ஆட்டங்களில் மட்டும் அவர் அடித்த கோல்கள் முறையே 38, 40, 43, 39, 34. ஆட்டத்துக்கு ஒன்று என்று கணக்குப் பார்த்தால் ஏறக்குறையச் சரியாக வரும். சென்டர் பார்வர்டு என்று சொல்லப்படும் நடு முன்னணி ஸ்தானத்தில் நின்று வருஷந்தோறும் இப்படிக் கோல் அடித்தவர்கள் அத்தேசத்தின் ஆட்டச் சரித்திரத்தில் வெகு சிலரே. 1958-ம் வருஷத்தின் முதல் ஆட்டத்தில் பிரைட்டன் கோஷ்டியை மிடில்ஸ்பரோ 9-0 என்ற கணக்கில் வென்றபோது, ஐந்து கோல்கள் கிளஃப் அடித்தவை.

இவ்வளவு கோல் அடித்தும் மிடில்ஸ்பரோ ஏன் இரண்டாம் டிவிஷனிலேயே கிடந்தது என்று கேட்டால், அவர் ஒரு கோல் அடிப்பதற்குள் பின்வரிசைக்காரர்கள் ஒரு கோல் வாங்கிவிடுவார்கள் என்பதே பதில். 1960-ம் வருஷம் அக்டோபரில் சார்ல்டன் கோஷ்டியோடு ஆடிய ஆட்டம் ஆறுக்கு ஆறு என்று முடிந்தது. அதில் கிளஃப் மூன்று கோல் அடித்திருந்தார். ஆறு கோல் போட்டும் ஜயிக்க முடியாவிட்டால் யாருக்குத்தான் கோபம் வராது? அவருக்கோ கோபம் மற்றவர்களை விட அதிகம். அதை அடக்கும் வழக்கமும் கிடையாது. சகாக்களை முகத்துக்கு நேராகத் திட்டுவார். அவரைத் தலைவர் பதவியிலிருந்து நீக்க வேண்டுமென்று சகாக்கள் கையெழுத்திட்டு மனுக் கொடுத்ததும் உண்டு. கோஷ்டியில் அவருக்கு அந்தரங்க நண்பராய் வாய்த்தவர் பீட்டர் டெய்லர் என்ற கோல் கீப்பர் ஒருவரே.

இங்கிலாந்து தேசத்தின் சார்பில் ஆட அவருக்கு இரண்டே சந்தர்ப்பங்கள் கிடைத்தன. 1959-ம் வருஷம் அக்டோபரில் வேல்ஸுக்கும் ஸ்வீடனுக்கும் எதிராக ஆடினார். இரண்டிலும் கோல் விழவில்லை. அத்துடன் கதவு சாத்தப்பட்டது. இரண்டாம் டிவிஷனில் கோல் அடிப்பது சுலபம், முதல் டிவிஷனில் அடித்துக் காட்டட்டும் என்று பேசியவர்கள் உண்டு. இந்தப் பேச்சில் விஷயமே இல்லை என்று சொல்வதற்கில்லை. ஆனால் அதைப் பொய்யாக்குவதற்கு மனிதன் முதல் டிவிஷனுக்குப் போயாக வேண்டும் அல்லவா? அதற்காகவே 1961-ம் வருஷம் அவர் ஸண்டர்லண்ட் சங்கத்துக்கு மாறினார். அச்சங்கம் 40,000 பவுனுக்கு மேல் விலை கொடுத்து அவரை வாங்கியது.

“விலை கொடுத்து வாங்கியது” என்று எழுதும்போது நமக்கே கை கூசுகிறது. ஆயினும் அந்நாட்டு வழக்கு அதுதான். ஒரு சங்கத்திலிருந்து இன்னொரு சங்கத்துக்கு ஆட்டக்காரர் மாறினால் பணம் சங்கத்துக்குச் சேரும். ஆட்டக்காரருக்குச் சம்பளம் மட்டுமே. 1961-ம் வருஷம் ஜனவரி வரையில் எவ்வளவு கெட்டிக்கார ஆட்டக்காரரானாலும் வாரத்துக்கு 20 பவுனுக்கு மேல் சம்பளம் தரக் கூடாது என்று விதியே இருந்தது. வாயிலில் டிக்கட்டு வாங்கி நுழையும் நாற்பதாயிரம் பேர் யாரைப் பார்க்க வந்தார்களோ, அவருக்கு இருபது பவுன்! ஆட்டக்காரர்களின் தொழிற்சங்கம் வேலை நிறுத்தம் செய்வதாக எச்சரித்த பிறகே அவ்விதி எடுபட்டது. தொழிற்சங்கம் என்ற சொல்லைக் கேட்டாலே முகம் சுளிக்கும் கனவான்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

ஸண்டர்லண்டில் முதல் வருஷம் 34 லீக் ஆட்டங்களில் 29 கோல். இரண்டாவது வருஷம், அதாவது நாம் சொல்ல வந்த வருஷம், 24 ஆட்டங்களில் 24 கோல். டிசம்பர் மாதம் முடிவதற்குள் இவ்வளவு! முதல் டிவிஷனுக்கு உயர்வது நிச்சயம் என்று ஊரே நம்பியது. எதிராளி பெரி என்னும் லங்காஷயர் ஊரின் கோஷ்டி.

* * *

ஆட்டத்தின் முதற்பாதி. முன்னால் ஒரு நீண்ட பந்து வருகிறது. சற்று அதிகமாகவே உதைத்துவிட்ட பந்து. கிளஃப் அதைத் துரத்துகிறார். அவருடைய பார்வை பந்தின் மேலேயே இருக்கிறது. வேறெங்கும் பார்த்துப் பழக்கமில்லை. பெரி கோஷ்டியின் கோல் கீப்பர் கிரிஸ் ஹார்க்கர் வெளியே ஓடி வந்து பந்தின் மேல் விழுகிறார். அவருடைய தோளும் கிளஃப்பின் வலது முழங்காலும் மோதிக்கொண்டன. கிளஃப் குப்புற விழுந்தார். தலை உறைந்த தரையில் மோதியது.

ஹார்க்கரின் மேல் குற்றமில்லை. அவர் தம்முடைய வேலையைச் செய்தார், கிளஃப்பும் அவ்விதமே. இதைக் கிளஃப் பிற்காலத்தில் ஒருபோதும் மறுத்ததில்லை. அவர் மன்னிக்காத மனிதர் வேறொருவர். பெரி கோஷ்டியின் பின்வரிசையில் ஆடியவரும், அதே சமயம் அக்கோஷ்டிக்கு மானேஜராயிருந்தவருமான பாப் ஸ்டோகோ, கீழே கிடந்தவரைப் பார்த்து, இவன் பாசாங்கு செய்கிறான் என்னும் பொருள்பட ரெபரியிடம் சொன்னாராம். மயக்கமும் வலியுமாய்க் கிடந்த கிளஃப்பின் காதில் அது விழுந்தது. எழுந்திருக்க முயன்றார், காலை ஊன்ற முடியவில்லை. மறுபடியும் விழுந்தார். பிறகு அவரைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

ஸ்டோகோ ஏன் அப்படிச் சொன்னார்? கொடுமைக்காரர் என்று முடிவு கட்டுவது எளிது. ஆனால் ஆட்டத்தில் விழுந்து நடிப்பவர்கள் அன்றும் உண்டு, இன்றும் உண்டு. எதிர்க் கோஷ்டியின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் தம்முடைய கோல் முகப்பில் விழுந்து கிடக்கும்போது, சந்தேகப்படுவதே பின்வரிசைக்காரருக்குப் பழக்கம். ஒரு கணத்தில் வாயிலிருந்து வந்த சொல். சொன்னவர் வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டு மறந்திருக்கலாம். கேட்டவர் நாற்பது வருஷம் மறக்கவில்லை.

அக்காலத்து லீக் ஆட்டத்தில் காயம் பட்டவருக்குப் பதிலாக வேறொருவரை இறக்கும் விதி கிடையாது. 1965-ம் வருஷத்தில்தான் அது வந்தது. ஆகவே ஸண்டர்லண்ட் மீதி நேரம் முழுவதும் பத்துப் பேருடன் ஆடிற்று. பெரி ஒரு கோலினால் வென்றது.

முழங்காலுக்கு என்ன நேர்ந்தது என்பதைச் சற்று விவரமாகவே சொல்ல வேண்டும். ஏனெனில் நம் வீட்டுப் பிள்ளைகளும் ஓடியாடி விளையாடுகிறவர்களே. முழங்கால் என்பது கதவின் கீலைப் போல மடங்கி நிமிரும் மூட்டு. ஆனால் கீலுக்கு உள்ள ஆணி இதற்கு இல்லை. மேலே தொடையெலும்பின் உருண்டையான முனை. கீழே கால் எலும்பின் தட்டையான தலை. ஒன்றன் மேல் ஒன்று உட்கார்ந்திருக்கிறது, அவ்வளவுதான். நழுவி விழாமல் அவற்றைக் கட்டி வைத்திருப்பவை நார்க்கட்டுகள். இரண்டு பக்கங்களிலும் பக்கத்துக்கு ஒன்று. மூட்டின் உள்ளே, ஒன்றையொன்று பெருக்கல் குறிபோலக் குறுக்கிட்டுச் செல்வன இரண்டு. உள்ளே இருக்கும் இந்தக் குறுக்கு நார்களில் முன்னதன் வேலை, கால் எலும்பு முன்னோக்கி நழுவாமல் தடுப்பது. நேரே நடப்பவனுக்கு அது அறுந்தாலும் ஒருவாறு காலம் தள்ளலாம். ஓடுகிற ஓட்டத்தில் சட்டென்று நின்று, இடப்புறம் திரும்பி, வலக்காலால் உதைக்க வேண்டியவனுக்கு அது இல்லையேல் ஒன்றும் இல்லை. கால் ஊன்றிய இடத்தில் நிற்காது.

கிளஃப்புக்குக் குறுக்கு நாரும் அறுந்தது. உட்பக்கத்து நாரும் அறுந்தது. பக்கத்து நாருக்கு ஓரளவு தானே கூடிக்கொள்ளும் குணம் உண்டு. குறுக்கு நாருக்கு அது கிடையாது. மூட்டுக்குள் எப்போதும் ஊறிக்கொண்டிருக்கும் நீரில் அறுந்த முனைகள் மிதக்கின்றன. இரத்தம் உறைந்து புண் கூடுவதற்கு இடமில்லை. அந்நாளைய ரண வைத்தியர்கள் அறுந்ததைத் தைத்துப் பார்ப்பார்கள். தையல் பெரும்பாலும் நிற்பதில்லை. தைத்த பிறகு தொடையிலிருந்து கணுக்கால் வரையில் சாந்துக் கட்டுப் போட்டு, மாதக்கணக்கில் அசையாமல் வைப்பார்கள். கட்டைப் பிரிக்கும்போது மூட்டு துருப்பிடித்த பூட்டைப் போல இறுகியிருக்கும். தொடைச் சதையோ பாதியாய் வற்றியிருக்கும். மூட்டைக் காக்க வேண்டிய நார் போயிற்று. அதற்குத் துணை நிற்க வேண்டிய சதையும் போயிற்று. சிகிச்சையே வியாதிக்குத் துணை செய்தது என்றால் மிகையாகாது. வைத்தியர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. அவர்கள் அறிந்தது அவ்வளவுதான்.

* * *

அவ்வருஷம் லீக் ஆட்டங்கள் முடிய மே மாதம் ஆயிற்று. கடைசி ஆட்டத்தில் ஸெல்ஸி கோஷ்டியுடன் சொந்த மைதானத்தில் சமமாய் ஆடினாலே ஸண்டர்லண்டுக்கு முதல் டிவிஷன் கிட்டியிருக்கும். ஒரு கோலினால் தோற்றது. பிறகு ஸெல்ஸி தன்னுடைய கடைசி ஆட்டத்தில் ஏழு கோல் போட்டு ஜயித்தது. இரு கோஷ்டிகளுக்கும் புள்ளிகள் சமம். கோல்களின் விகிதத்தைக் கொண்டு ஸெல்ஸி மேலே போயிற்று. பாதி வருஷத்திலேயே 24 கோல் அடித்தவர் அன்று மைதானத்தில் இருந்திருந்தால் என்று ஸண்டர்லண்ட் ஜனங்கள் எத்தனை வருஷம் பேசியிருப்பார்கள்!

கிளஃப் அதற்குள் கட்டைப் பிரித்து நடக்கத் தொடங்கியிருந்தார். நடப்பது போதுமா? ரோக்கர் பார்க்கில் ஜனங்கள் நின்று பார்க்கும் படிக்கட்டுகளில், யாரும் இல்லாத பொழுதில், மேலே ஏறுவதும் கீழே இறங்குவதுமாய் அவர் ஓடினார். நாற்பதாயிரம் பேர் தம்மைப் பார்த்த இடத்தில் தாம் மட்டும் தனியே. முழங்கால் வீங்கும், மறுநாள் மறுபடியும் ஓடுவார். அக்காலத்தில் மனக் கசப்பினால் மதுவை நாடியதைப் பின்னாளில் அவரே ஒப்புக்கொண்டிருக்கிறார். அந்தப் பழக்கம் பிறகு அவரை விடவில்லை. 2003-ம் வருஷத்தில் ஈரலையே மாற்றி வைக்க வேண்டியதாயிற்று. மதுவிலக்கைப் பற்றி இப்பத்திரிகையில் எவ்வளவோ எழுதியாகிவிட்டது. இங்கே அதை விரிக்கப் போவதில்லை.

1964-ம் வருஷம் ஸண்டர்லண்ட் அவர் இல்லாமலேயே முதல் டிவிஷனுக்கு உயர்ந்தது. அவ்வருஷம் செப்டம்பரில், விழுந்து ஏறக்குறைய இருபது மாதங்களுக்குப் பிறகு, கிளஃப் மீண்டும் சட்டை அணிந்து மைதானத்தில் இறங்கினார். ஆயுள் முழுவதும் ஆசைப்பட்ட முதல் டிவிஷன்! மூன்று ஆட்டங்கள் ஆடினார். அவற்றில் லீட்ஸ் கோஷ்டிக்கு எதிராக ஒரு கோலும் அடித்தார். முதல் டிவிஷனில் அவர் அடித்த கோல் அது ஒன்றே. மூன்று ஆட்டங்களிலேயே அவருக்கும் தெரிந்துவிட்டது, பார்த்தவர்களுக்கும் தெரிந்துவிட்டது. பந்தை எங்கே எதிர்பார்க்க வேண்டும் என்பது மூளைக்குத் தெரிகிறது. கால் அங்கே போய்ச் சேருவதில்லை.

அவருடைய கணக்கு அத்துடன் மூடப்பட்டது: லீக் ஆட்டங்கள் 274, கோல்கள் 251. வயது இருபத்தொன்பது.

அவருடைய காலின் பேரில் சங்கம் இன்ஷூரன்ஸ் செய்திருந்தது. அவர் இனி ஆட முடியாது என்று தீர்மானமானதும் சங்கத்துக்குப் பணம் வந்தது. காலை இழந்தவர் ஒருவர்; நஷ்ட ஈடு பெற்றவர் வேறொருவர்! சட்டப்படி இதில் தவறு எதுவும் இல்லை. பணம் கட்டியது சங்கந்தானே? இருப்பினும் கிளஃப் சங்கங்களின் டைரக்டர்களைப் பற்றி ஆயுள் முழுவதும் பேசிய கடுஞ்சொற்களுக்கு விதை இங்கேதான் விழுந்தது என்று தோன்றுகிறது. வாலிப ஆட்டக்காரர்களுக்குப் பயிற்சி கொடுக்கும் வேலை அவருக்குச் சில காலம் கிடைத்தது. அதை அவர் நன்றாகவே செய்தார். மானேஜர் மாறினார், அந்த வேலையும் போயிற்று. 1965-ம் வருஷம் அக்டோபரில் அவருடைய நிதிக்காக ஓர் ஆட்டம் நடத்தினார்கள். முப்பதினாயிரத்துக்கு மேற்பட்ட ஜனங்கள் டிக்கட்டு வாங்கி வந்தார்கள். சங்கம் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தபோது, ஊர் ஜனங்கள் கணக்குப் பாராமல் கொடுத்தார்கள்.

பிறகு நடந்தவை உலகறிந்தவை. சுருக்கமாய்ச் சொன்னால் போதும். அதே மாதம், முப்பதாம் வயதில், நாலாம் டிவிஷனின் அடிமட்டத்தில் தத்தளித்த ஹார்ட்டில்பூல்ஸ் சங்கத்துக்கு மானேஜரானார். பழைய நண்பர் டெய்லரைத் துணைக்கு அழைத்துக்கொண்டார். 1972-ல் டார்பி கோஷ்டியையும், 1978-ல் நாட்டிங்ஹாம் பாரஸ்ட் கோஷ்டியையும் இங்கிலாந்தின் லீக் வெற்றி வீரர்களாக்கினார். 1979, 1980 ஆகிய இரண்டு வருஷங்களும் பாரஸ்ட் கோஷ்டி ஐரோப்பியக் கிண்ணத்தையே கொண்டுவந்தது. தம்முடைய கோஷ்டியார் ரெபரியுடன் வாதாடுவதை மட்டும் அவர் ஒரு நாளும் பொறுத்ததில்லை.

இவ்வளவு வெற்றிகளையும் எடுத்துச் சொல்லி, முழங்கால் போனதும் நன்மைக்கே என்று முடித்துவிடுபவர்கள் இருக்கிறார்கள். அது நமக்குச் சம்மதமில்லை. கிளஃப்புக்கும் சம்மதமில்லை. ஒன்றை இழந்தவனுக்கு வேறொன்று கிடைத்தது என்பதால் முதலில் இழந்தது திரும்பி வந்ததாகாது.

அந்த இழப்பு அவரை மற்றவர்களின் வலியைக் கண்டு இரங்கும் உத்தம புருஷராக்கியது என்று எழுதவும் ஆசைதான். உண்மை அவ்வளவு வசதியாய் இல்லை. 1974-ம் வருஷம் லீட்ஸ் சங்கத்துக்கு மானேஜராய்ப் போனார். முதல் டிவிஷனில் தாம் அடித்த ஒரே கோலை எந்தக் கோஷ்டிக்கு எதிராக அடித்தாரோ, அதே கோஷ்டி. எட்டி கிரே என்ற அருமையான ஆட்டக்காரர் அங்கே இருந்தார். வருஷக்கணக்காகக் காயத்தினால் அவதிப்பட்டு, ஆடிய ஆட்டங்களை விட உட்கார்ந்து பார்த்த ஆட்டங்களே அதிகம் என்னும்படியான நிலைமை. அவரிடம் கிளஃப், நீ பந்தயக் குதிரையாய் இருந்திருந்தால் எப்போதோ சுட்டுத் தள்ளியிருப்பார்கள் என்று சொன்னார். யார் சொன்னது? ரோக்கர் பார்க் படிக்கட்டில் வீங்கிய முழங்காலுடன் ஏறி இறங்கியவர்! புண்பட்ட மனிதனின் நாக்கு சில சமயம் தன்னுடைய புண்ணின் மேலேயே குத்துகிறது போலும். லீட்ஸில் அவர் 44 நாட்களே நிலைத்தார். கிரேயோ அதன் பின்னும் பல வருஷங்கள் ஆடினார்.

ஸ்டோகோவின் கதையையும் சொல்லிவிட வேண்டும். விதியின் விளையாட்டைப் பாருங்கள்: அவர் பின்னால் அதே ஸண்டர்லண்டுக்கு மானேஜராய் வந்தார். 1973-ம் வருஷம் மே மாதத்தில் இரண்டாம் டிவிஷன் கோஷ்டியான ஸண்டர்லண்ட், பலம் மிக்க லீட்ஸ் கோஷ்டியை வென்று இங்கிலாந்துக் கிண்ணத்தைப் பெற்றது. ஆட்டம் முடிந்ததும் தலைத்தொப்பியும் மழைக் கோட்டுமாய் ஸ்டோகோ மைதானத்தின் குறுக்கே ஓடித் தம்முடைய கோல் கீப்பரைக் கட்டிக்கொண்ட காட்சியை ஸண்டர்லண்டில் இன்றும் சிலையாய் வைத்துக் கொண்டாடுகிறார்கள். கிளஃப் விழுந்த ஊரில், விழுந்தவரைப் பாசாங்குக்காரர் என்றவருக்குச் சிலை! ஊர் ஜனங்களுக்கு இதில் முரண்பாடு எதுவும் தெரியவில்லை. அவர்களுக்கு இருவரும் வேண்டியவர்கள். இவ்விருவரும் 2004-ம் வருஷத்தில் காலமானார்கள். ஸ்டோகோ பிப்ரவரி மாதம், கிளஃப் செப்டம்பர் மாதம்.

1991-ம் வருஷம் மே மாதம் 18-ந் தேதி லண்டன் வெம்ப்ளி மைதானத்தில் கிண்ணத்துக்கான இறுதி ஆட்டம். ஒரு பக்கம் கிளஃப்பின் நாட்டிங்ஹாம் பாரஸ்ட். மறு பக்கம் டாட்டன்ஹாம். உள்நாட்டுப் பெரிய கிண்ணங்களில் கிளஃப் தம் வாழ்நாளில் பெறாதது இது ஒன்றுதான். ஆட்டம் தொடங்கிய சிறிது நேரத்தில், டாட்டன்ஹாமின் இருபத்து மூன்று வயது ஆட்டக்காரர் பால் காஸ்காயின், அநாவசிய வேகத்துடன் பாரஸ்ட் ஆட்டக்காரர் ஒருவர் மேல் பாய்ந்தார். பாய்ந்தவருக்கே வினை வந்தது. சற்றைக்கெல்லாம் அவர் தரையில் சாய்ந்தார். வலது முழங்கால், குறுக்கு நார். அவரைத் தூக்குப் படுக்கையில் வைத்துக் கொண்டுபோனதைக் கிளஃப் தம்முடைய ஆசனத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தார். அன்றும் கிண்ணம் அவருக்குக் கிட்டவில்லை.

ஆனால் காலம் மாறியிருந்தது. அறுந்த குறுக்கு நாரைத் தைப்பதை விட்டுவிட்டு, நோயாளியின் உடம்பிலிருந்தே வேறொரு நாரை எடுத்து, எலும்பில் துளையிட்டு, அறுந்ததன் ஸ்தானத்தில் பொருத்தும் முறை அதற்குள் வந்துவிட்டது. பெரிய அளவில் அறுக்காமல், சிறு துளை வழியாக மெல்லிய குழாயைச் செலுத்தி மூட்டின் உள்ளே பார்த்துக்கொண்டே சிகிச்சை செய்யவும் கற்றுக்கொண்டார்கள். மாதக்கணக்கில் அசையாமல் கட்டிப் போடுவதற்குப் பதிலாகச் சீக்கிரமே மூட்டை மடக்கி நீட்டப் பழக்குகிறார்கள். காஸ்காயின் 1992-ம் வருஷம் செப்டம்பரில் ரோமாபுரியின் லாட்ஸியோ கோஷ்டிக்காக ஆடத் தொடங்கினார். இக்காலத்தில் இக்காயம் பட்டவர்களில் பலர் ஒரு வருஷத்துக்குள்ளாகவே ஆட வந்துவிடுகிறார்கள். கிளஃப் முப்பது வருஷம் பிந்தி விழுந்திருந்தால், இந்தக் கட்டுரைக்கே இடமிருந்திராது.

ரோக்கர் பார்க் மைதானம் இன்று இல்லை. 1997-ம் வருஷம் அங்கே ஆட்டம் நின்றது. பிறகு இடித்துவிட்டு வீடுகள் கட்டினார்கள். அவ்வீடுகளின் தெருக்களுக்கு ஆட்டத்தை நினைவூட்டும் பெயர்களே வைத்திருக்கிறார்கள். கிளஃப் விழுந்த இடத்தில் இப்போது யாருடைய சமையலறையோ, தோட்டமோ இருக்கும்.

அவருக்கு மூன்று ஊர்களில் சிலைகள் எழுப்பியிருக்கிறார்கள். நாட்டிங்ஹாமிலும் டார்பியிலும் இருப்பவை மானேஜரான கிளஃப்பின் சிலைகள். மத்திய வயதுக்காரர், உலகத்தை வென்றவர். மூன்றாவது சிலை பிறந்த ஊரான மிடில்ஸ்பரோவில், ஆல்பர்ட் பூங்காவில் இருக்கிறது. வீட்டிலிருந்து மைதானத்துக்கு அவர் தினமும் நடந்து சென்ற வழி அந்தப் பூங்காவின் ஊடே சென்றது. அங்கே நிற்பவர் வாலிபர். பூட்ஸுகள் இரண்டையும் கயிற்றால் முடிந்து தோளில் போட்டுக்கொண்டு, ஆட்டத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறார்.